கதவைத் திறந்து வைத்த கர்தினால்

செல்வத்தைச் சேர்த்தவரை உலகம் எளிதில் மறந்துவிடும், பகிர்ந்தவரை மறப்பதில்லை. இவ்வுண்மைக்குச் சான்றாக விளங்குபவர், இத்தாலி நாட்டு மிலான் நகரின் பேராயராயிருந்த கர்தினால் ஃபெதெரிகோ பொரோமியோ. மறுமலர்ச்சிக் காலத்தின் இறுதியில் வாழ்ந்த இப்பெருமகனாரைப் பற்றி நாம் சற்றுக் காண்போம்.

1564-இல் மிலானில் உயர்குடியில் பிறந்த இவர், புனித கார்லோ பொரோமியோவின் ஒன்றுவிட்ட தம்பியாவார். இளமையிலேயே தந்தையை இழந்தார். 1587-இல், இருபத்து மூன்றாம் வயதில், கர்தினாலாக உயர்த்தப்பட்டார். 1595-இல் மிலான் பேராயரானார்.

அக்காலத்தில் நூலகங்கள் பெரும்பாலும் அரசர்க்கும் துறவிகளுக்குமே உரியனவாயிருந்தன. ஃபெதெரிகோவோ அறிஞர்களைப் பல நாடுகளுக்கும் அனுப்பி, அச்சு நூல்களையும் கையெழுத்துச் சுவடிகளையும் திரட்டினார். 1609 டிசம்பர் 8-ஆம் நாள், அமலோற்பவ அன்னையின் திருநாளன்று, அம்புரோசியானா நூலகம் திறக்கப்பட்டது. உள்ளூராரும் வெளியூராரும் அங்கே அமர்ந்து படிக்கலாம் என்றார். ஐரோப்பாவின் முதல் பொது நூலகங்களுள் இதுவும் ஒன்று.

ஓவியமும் இறைவனின் படைப்பை நமக்குக் கற்பிக்கும் என்பது இவர் கருத்து. 1618-இல் தம் ஓவியங்களை நூலகத்துக்கே அளித்தார். 1620-இல் இளங்கலைஞர் பயில ஓவியக் கழகம் ஒன்றையும் நிறுவினார். அவர் தந்தவற்றுள் கரவாஜோ வரைந்த பழக்கூடை ஓவியம் புகழ் பெற்றது. அதிலுள்ள ஆப்பிளில் புழுத்துளை தெரிகிறது, இலைகள் வாடியிருக்கின்றன. அதற்கு இணையாக மற்றொரு கூடை ஓவியத்தைத் தேடியும் கிடைக்கவில்லை என்று கர்தினால் எழுதியுள்ளார்.

கலையை நேசித்தவர் ஏழைகளை மறந்தாரா? இல்லை. பஞ்சம் வந்தபோது பசித்தோர்க்கு உணவளித்தார். 1630-இல் கொள்ளைநோய் பரவியபோது நகரை விட்டு ஓடாமல் மக்களோடு இருந்தார். மக்கள் திருப்பவனி வேண்டியபோது, கூட்டத்தால் நோய் பெருகும் என அஞ்சி முதலில் மறுத்தார். பின்னர் வற்புறுத்தலுக்கு இணங்கினார். பவனிக்குப்பின் சாவு மிகுந்தது. நல்லோரும் தாம் அறிந்த உண்மையில் உறுதியாக நிற்க வேண்டும் என்பதை இத்துயர நிகழ்ச்சி நமக்கு உணர்த்துகிறது.

1631-இல் அவர் மறைந்தார். ஆயினும் அவர் திறந்த நூலகத்தில் இன்றும் மக்கள் படிக்கிறார்கள். அந்தப் பழக்கூடையைக் கண்டு வியக்கிறார்கள். அன்புத் தோழியரே, நம்மிடம் அத்தகைய செல்வம் இல்லாதிருக்கலாம். கற்ற பாடத்தை அருகிலிருப்பவளுக்குச் சொல்லித்தர நம்மால் முடியும் அல்லவா? பூட்டி வைத்த அறிவால் யாருக்குப் பயன்? பகிர்வோம், நாமும் வளர்வோம்.