மருத்துவ ஆவண நகல்: கேட்டுப் பெறும் உரிமை

வீடு திரும்பும் நாளில் நாங்கள் அளிப்பது டிஸ்சார்ஜ் சம்மரி மட்டுமே. அறுவைச் சிகிச்சைக் குறிப்பும் மயக்க மருந்துக் குறிப்பும் கேஸ் ஷீட்டிலேயே தங்கிவிடுகின்றன. வேறொரு மருத்துவரிடம் கருத்துக் கேட்கச் செல்வோருக்கு அவையே பெரிதும் தேவைப்படும்.

உள்நோயாளியோ அவரது ஒப்புதல் பெற்ற உறவினரோ கேட்டால், ஒப்புகை அளித்து, 72 மணி நேரத்துக்குள் ஆவணங்களை வழங்க வேண்டும் என்கின்றன இந்திய மருத்துவக் கவுன்சிலின் 2002ஆம் ஆண்டு ஒழுங்குமுறை விதிகள். மருத்துவர் மனம் வருந்துவாரோ எனப் பலர் தயங்குவதைக் காண்கிறோம். அத்தயக்கம் வேண்டியதில்லை.

காலத்தைத்தான் கவனிக்க வேண்டும். ஆவணங்களை 3 ஆண்டுகள் பாதுகாக்குமாறு அவ்விதிகள் கூறுகின்றன. அக்கணக்கு தொடங்குவது வீடு திரும்பிய நாளிலன்று, சிகிச்சை தொடங்கிய நாளில். எழுத்து மூலம் விண்ணப்பித்து, தேதியிட்ட ஒப்புகையை மறவாமல் பெற்றுக்கொள்ளுங்கள்.