பட்டா மனு தூங்குகிறது. ரிட் போட்டால் எழுந்துவிடுமா?

கேள்வி: என் அப்பா 1976-ல் எங்கள் ஊரில் 62 சென்ட் புஞ்சை கிரயம் வாங்கினார். அன்று முதல் அனுபவம் எங்களிடம்தான். யூ.டி.ஆர். (நில ஆவணங்களைப் புதுப்பித்த திட்டம்) சமயத்தில் பட்டா பெரியப்பா பெயரில் ஏறிவிட்டது. திருத்தக் கேட்டுத் தாசில்தாரிடம் மனு கொடுத்து ஒன்றரை ஆண்டாகிறது. முதலில் சர்வேயர் ரிப்போர்ட் வரவில்லை என்றார்கள். இப்போது ஃபைல் செக்‌ஷனில் இருக்கிறது என்கிறார்கள். பெரியப்பா மகன்களோ நிலமே தங்களுடையது என்று பேச ஆரம்பித்துவிட்டார்கள். ஹைகோர்ட்டில் ரிட் போட்டால் பட்டா வந்துவிடும் என்கிறார் ஒரு நண்பர். போடலாமா?

- வாசகர், சிவகங்கை மாவட்டம்

பதில்: தாராளமாகப் போடலாம். ஆனால் அதில் பட்டா வராது, உங்கள் மனுவுக்கு ஒரு பதில் வரும், அவ்வளவுதான்.

அரசியல் சாசனத்தின் 226-வது பிரிவின் கீழ், உங்கள் மாவட்டத்துக்கு மதுரைக் கிளையில், மேண்டமஸ் (கடமையைச் செய்யச் சொல்லும் ஆணை) கேட்டு மனு போட வேண்டும். இப்படிப்பட்ட வழக்குகளில் பெரும்பாலும் அரசு வழக்கறிஞரைக் கேட்டுவிட்டுச் சீக்கிரமே முடித்துவிடுவார்கள். உத்தரவின் வாசகமும் ஏறக்குறைய ஒன்றுதான்: மனுவைப் பரிசீலித்து, சம்பந்தப்பட்ட அனைவரையும் விசாரித்து, தகுதியின் அடிப்படையில் எட்டு அல்லது பன்னிரண்டு வாரங்களுக்குள் முடிவெடுக்க வேண்டும். உங்களுக்குச் சாதகமாக முடிவெடுக்கச் சொல்லி அதில் ஒரு வரிகூட இருக்காது. கெடு முடிகிற வாரத்தில் அரைப் பக்கத்தில் மனுவை நிராகரித்து அனுப்பினாலும், கோர்ட் சொன்னதைச் செய்ததாகவே கணக்கு. அதன்பின் மறுபடி ஹைகோர்ட்டுக்கு ஓடினால், பட்டா பாஸ் புத்தகச் சட்டத்தில் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடும், மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வும் இருக்கின்றனவே என்று கேட்பார்கள்.

ஆகவே ரிட்டுக்கு முன் மனுவைச் சரிசெய்யுங்கள். கோர்ட் திருப்பி அனுப்பப்போவது அதே மனுவைத்தான். யூ.டி.ஆர். பிழை சாதாரணப் பட்டா மாறுதலைப் போன்றதல்ல. பிழையின் தன்மையைப் பொறுத்துக் கோட்டாட்சியரோ மாவட்ட வருவாய் அலுவலரோ பார்க்க வேண்டியதாக இருக்கலாம். அதிகாரம் இல்லாதவரிடம் கொடுத்த மனு ஒன்றரை ஆண்டு கிடந்ததில் ஆச்சரியமில்லை. 1976 கிரயப் பத்திரம், யூ.டி.ஆருக்கு முந்தைய அ-பதிவேடு, பிந்தைய அ-பதிவேடு, வில்லங்கச் சான்று ஆகிய நான்கையும் பழைய சர்வே எண், புது எண் ஒப்பீட்டோடு இணைத்துப் புதிதாக எழுதுங்கள். தபால் பிரிவில் கொடுக்கும்போது உங்கள் நகலில் தேதியோடு சீல் வாங்குங்கள். அந்தச் சீல்தான் ரிட்டுக்கு அஸ்திவாரம். கூடவே, பழைய மனு எந்தத் தேதியில் எந்த இருக்கைக்குப் போனது, அதில் எழுதிய குறிப்பு என்ன என்று தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். 'செக்‌ஷனில் இருக்கிறது' என்பதை வாயால் சொல்வது சுலபம், கையெழுத்துப் போட்டுச் சொல்வது கஷ்டம்.

ரிட்டில் பெரியப்பா மகன்களையும் எதிர்மனுதாரராகச் சேருங்கள். அவர்களுக்குத் தெரியாமல் வாங்கும் உத்தரவு நிலைக்காது.

உத்தரவு வந்ததும் சான்றிட்ட நகலை நீங்களே அலுவலகத்தில் சேர்ப்பியுங்கள். நகல் கிடைத்த நாளிலிருந்துதான் வழக்கமாக வாரக்கணக்கு ஓடும். அப்போதும் அசையாவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம். ஓராண்டுக்குள் போட வேண்டும்.

உங்கள் கடிதத்தில் என்னை உறுத்துவது தாமதமல்ல, நிலம் தங்களுடையது என்று பெரியப்பா மகன்கள் பேசுவதுதான். இது பாத்தியதைத் தகராறு. இதைத் தீர்க்கத் தாசில்தாருக்கும் அதிகாரமில்லை, ரிட்டிலும் ஹைகோர்ட் பொதுவாக இறங்காது. அதே பட்டா பாஸ் புத்தகச் சட்டத்தின் 14-வது பிரிவு, பட்டாப் பதிவை எதிர்த்து அரசு மீது வழக்குப் போடுவதைத் தடுத்தாலும், உரிமையை விளம்புகை செய்யக் கோரும் சிவில் வழக்கை அனுமதிக்கிறது. டிகிரி வந்தால் அதன்படி பட்டாவைத் திருத்தியாக வேண்டும். விளம்புகை வழக்குக்குக் காலவரம்பு மூன்றாண்டு. உங்கள் உரிமையை அவர்கள் மறுத்த நாள் இங்கே முக்கியம். மனு நிலுவையில் கிடக்கிறது என்பதற்காக அந்தக் கணக்கு நிற்காது. சி. ஜேக்கப் வழக்கில் (2008) உச்ச நீதிமன்றம் சொன்னதும் இதுதான்: மனு கொடுத்து அதற்குப் பதில் வாங்குவதால் பழைய கோரிக்கைக்குப் புது உயிர் வந்துவிடாது.

அவர்கள் நிலத்தை விற்க முயல்வதாகத் தெரிந்தால் ரிட்டுக்குக் காத்திருக்காதீர்கள். சிவில் வழக்கோடு இடைக்காலத் தடையும் கேளுங்கள். வருவாய்த் துறையையும் பிரதிவாதியாகச் சேர்ப்பதானால் சிவில் நடைமுறைச் சட்டம் 80-வது பிரிவுப்படி இரண்டு மாத நோட்டீஸ் தேவை. அவசரமென்றால் கோர்ட் அனுமதி பெற்று நோட்டீஸ் இல்லாமலே தாக்கல் செய்யலாம்.