கனவும் கடமையும்: ‘கனா’ திரைப்படம் தரும் பாடம்

நல்ல திரைப்படம் ஓர் ஆசானைப் போன்றது. 2018 டிசம்பரில் வெளிவந்த ‘கனா’ அத்தகையது. அருண்ராஜா காமராஜ் இயக்கிய முதல் படம் இது. கௌசல்யாவாக ஐஸ்வர்யா ராஜேஷும், தந்தை முருகேசனாக சத்யராஜும் நடித்துள்ளனர்.

கதைச் சுருக்கம்

குளித்தலை விவசாயி முருகேசனுக்குக் கிரிக்கெட் என்றால் உயிர். 2007 உலகக் கோப்பையில் இந்தியா தோற்றபோது அவர் அழுவதைச் சிறுமி கௌசல்யா காண்கிறாள். தான் இந்திய அணியில் ஆடி வென்று அப்பாவை மகிழ்விப்பதென்று உறுதி கொள்கிறாள். பையன்களோடு ஆடுவதைத் தாய் கண்டிக்கிறாள், ஊரும் பழிக்கிறது. தந்தை துணை நிற்கிறார். மகள் முன்னேறும் வேளையில் வீட்டில் விவசாயம் நொடித்து, கடன் பெருகுகிறது. இறுதியில் வெற்றி மேடையில் அவள் பேசுவது விவசாயிகளின் துயரத்தைப் பற்றியே.

நாம் கற்பவை

1. தாயின் கண்டிப்புக்குள் அச்சம் இருக்கிறது. எக்கியார்குப்பத்தில் கடலுக்குப் போகும் வீட்டிலும், மரக்காணம் உப்பளத்தில் உழைக்கும் வீட்டிலும் ஒரு பெண் “மேலே படிக்கிறேன்” என்றால், பஸ் செலவும் பாதுகாப்பும் ஊர்ப் பேச்சும் பெற்றோர் மனத்தில் எழுவது இயல்பே. அந்த அச்சத்தை நாம் புரிந்துகொள்ள வேண்டும்.

2. பெற்றோரின் பாடு நமக்குத் தெரிந்திருக்க வேண்டும். முருகேசனின் வயல் மழையின்றிக் காய்ந்தது. இங்கோ மழை பெய்தால் பாத்தியில் உப்பு கரைந்து வேலை நிற்கும். நம் புத்தகமும் சீருடையும் அந்த உழைப்பில் வந்தவை.

3. வீட்டில் பேச்சு வேண்டும். 2018இல் வந்த ‘ஹவுஸ் ஆஃப் ஹம்மிங்பேர்ட்’ என்ற கொரியப் படத்தில், 1994ஆம் ஆண்டு சியோலில் வாழும் பதினான்கு வயதுச் சிறுமியைக் காண்கிறோம். வீட்டின் எதிர்பார்ப்பெல்லாம் அண்ணன் மீது. அவள் மனத்தைக் கேட்பவர் ஓர் ஆசிரியை மட்டுமே. கௌசல்யாவுக்கு வீட்டிலேயே கேட்கும் காது கிடைத்தது.

திருக்குடும்பம் காட்டும் வழி

பன்னிரண்டு வயதில் இயேசு எருசலேம் ஆலயத்தில் தங்கிவிட்டார். மூன்றாம் நாள் கண்டுபிடித்த அன்னை மரியாள் தம் வேதனையைச் சொன்னார். மகனும் தம் அழைப்பை மறைக்காமல் சொன்னார். பின்பு பெற்றோருடன் நாசரேத்துக்குச் சென்று கீழ்ப்படிந்து வாழ்ந்தார். அன்னையோ அனைத்தையும் உள்ளத்தில் வைத்துச் சிந்தித்தார். கனவும் கடமையும் ஒரே வீட்டில் வாழும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமோ?

ஆகவே, மாணவியரே, நம் விருப்பத்தைப் பணிவோடும் தெளிவோடும் வீட்டில் சொல்வோம். பெற்றோரே, “வேண்டாம்” என்று சொல்லுமுன் ஒருமுறை முழுமையாகக் கேளுங்கள்.

சிந்திக்க: நம் கனவைப் பற்றி வீட்டில் கடைசியாக எப்போது பேசினோம்?