வரதட்சணைச் சாவும் சட்டமும்

புகுந்த வீட்டின் நான்கு சுவர்களுக்குள் ஒரு பெண் மாண்டுபோனால் அங்கு நடந்ததை யார் சொல்வார்? "ஸ்டவ் வெடித்துவிட்டது", "கிணற்றில் தவறி விழுந்தாள்" என்று அவ்வீட்டார் சொல்லிவிட்டால், அதைப் பொய்யென்று காட்டப் பெற்றோரிடம் சாட்சி ஏது? இந்த இடத்தில்தான் நமது நாட்டுச் சட்டம் பெண்ணுக்குத் துணை நிற்கிறது.

1961-ஆம் ஆண்டின் வரதட்சணைத் தடைச் சட்டம், வரதட்சணை வாங்குவதையும் கொடுப்பதையும் குற்றமாக்கியது. ஆயினும் இளம் மனைவியரின் சாவு நிற்கவில்லை. எனவே 1986-இல் இந்திய தண்டனைச் சட்டத்தில் 304-பி என்னும் பிரிவு சேர்க்கப்பட்டது. 2024 ஜூலை 1 முதல் அது பாரதிய நியாய சன்ஹிதாவின் 80-ஆவது பிரிவாக உள்ளது.

அது கூறுவது என்ன? மணமாகி ஏழு ஆண்டுகளுக்குள் ஒரு பெண் தீக்காயத்தாலோ, உடற்காயத்தாலோ, இயல்புக்கு மாறான வேறு வகையிலோ இறக்கிறாள். இறப்பதற்குச் சற்று முன்பு கணவனோ அவன் உறவினரோ வரதட்சணை கேட்டு அவளைத் துன்புறுத்தியிருக்கின்றனர். இவை மெய்ப்பிக்கப்பட்டால் அது வரதட்சணை மரணம். தற்கொலையும் இதில் அடங்கும். தண்டனை ஏழு ஆண்டுச் சிறைக்குக் குறையாது. ஆயுள் தண்டனை வரை செல்லலாம்.

பொதுவாகக் குற்றத்தை மெய்ப்பிப்பது அரசுத் தரப்பின் கடமை. இங்கோ, கொடுமை நடந்தது மெய்ப்பிக்கப்பட்டவுடன், சாவுக்குக் காரணம் கொடுமை செய்தவரே என்று நீதிமன்றம் கொள்ள வேண்டும். இல்லையென்று காட்டும் பொறுப்பு அவருடையதாகிறது. "சற்று முன்பு" என்பது "உடனே முன்பு" என்று பொருள்படாது. கொடுமைக்கும் சாவுக்கும் நெருங்கிய தொடர்பு இருக்க வேண்டும் என்று 2021-இல் உச்ச நீதிமன்றம் விளக்கியது.

ஆனால் கொடுமை நடந்தது எப்படித் தெரியவரும்? அவள் எழுதிய கடிதம், தாயிடம் அழுத அழுகை, அண்டை வீட்டார் கேட்ட பேச்சு ஆகியவையே சாட்சி. குடும்ப மானம் கருதி அவற்றை மறைத்தால் சட்டத்தின் கைகள் கட்டப்பட்டுவிடும்.

சாவு வரை காத்திருக்கவும் வேண்டியதில்லை. மனைவியைக் கொடுமைப்படுத்துவதையே குற்றமாக்கி 1983-இல் 498-ஏ பிரிவு வந்தது. இன்று 85-ஆவது பிரிவாக உள்ள அதன்படி மூன்றாண்டுகள் வரை சிறை உண்டு.

எனவே, அன்புத் தோழியரே, துன்பத்தை மறைப்பது பொறுமை ஆகாது என்பதை நாம் உணர்வோம். அன்புப் பெற்றோரே, கண்ணீரோடு வரும் மகளிடம் "அனுசரித்துப் போ" என்று சொல்லித் திருப்பி அனுப்பாதீர்கள். சட்டம் குற்றவாளியைத் தண்டிக்கும்; போன உயிரைத் தராது. பிறந்த வீட்டின் கதவு திறந்திருந்தால் அந்த உயிர் பிழைக்கும்.