அட்டர்னி ஜெனரல் நாற்காலி

அமெரிக்க மாநில அட்டர்னி ஜெனரல், நம்மூர் அட்வகேட் ஜெனரல் மாதிரிதானா? கமலா ஹாரிஸ் அந்தப் பதவியில் என்ன செய்தார்?
— ஒரு வாசகி, மன்னார்குடி

இல்லைங்க. இங்கே ஆளுநர் நியமிப்பார். ஆட்சி மாறினால் பெரும்பாலும் ஆளும் மாறிவிடுவார். அங்கே 43 மாநிலங்களில் மக்களிடம் ஓட்டுக் கேட்டுத்தான் வர வேண்டும். 2010-ல் கலிஃபோர்னியாவில் கமலா ஜெயித்த வித்தியாசம் ஒரு சதவீதத்துக்கும் குறைவு. முடிவு தெரியவே மூன்று வாரம் (நம் வேட்பாளர்களுக்கு ரத்தக்கொதிப்பே வந்திருக்கும்!). வீட்டுக்கடன் முறைகேட்டில் வங்கிகள் பேசிய தொகை போதாது என்று 2011-ல் பேச்சுவார்த்தையிலிருந்து எழுந்து வந்துவிட்டார். அடுத்த வருடம் அவர் மாநிலத்துக்கு ஒப்புக்கொள்ளப்பட்ட நிவாரணம் சுமார் 1,800 கோடி டாலர்! பிறகு 2017-ல் செனட், 2021-ல் துணை ஜனாதிபதி. பில் கிளின்டனும் ஆர்கன்சாவில் இதே நாற்காலியிலிருந்துதான் கவர்னர் ஆனார்.