இல்லாத ஏட்டின் வரலாறு

பழைய ஏடு என்றவுடன் நம் உள்ளத்தில் ஒரு மதிப்புத் தோன்றுகிறது. எழுதியவர் பெயர், எழுதிய ஆண்டு, மொழிபெயர்த்தவர் பெயர், தடை செய்தவர் பெயர், இன்று அஃது இருக்கும் நூல் நிலையம் ஆகிய ஐந்தையும் ஒருவர் அடுக்கிச் சொல்லிவிட்டால், 'அந்த ஏடு உண்மையில் உண்டா?' என்று கேட்கவும் நமக்குத் தோன்றுவதில்லை. இந்த ஐந்தும் குறைவின்றி அமைந்தும், ஒரு நாளும் இருந்திராத ஏடு ஒன்று உண்டு. அதன் பெயர் நெக்ரோனமிகன். அதன் வரலாற்றை ஆராய்வது மாணவராகிய நமக்கு ஒரு நல்ல பயிற்சியாகும்.

அமெரிக்காவில் பிராவிடன்ஸ் என்னும் நகரில் பிறந்த லவ்கிராப்ட் (1890–1937) அச்சமூட்டும் கதைகள் எழுதியவர். மனிதன் தோன்றுவதற்கு முன்பே உலகை ஆண்ட கொடிய தெய்வங்கள் உண்டு என்று கற்பனை செய்து, அவற்றுக்கென ஒரு தனி உலகத்தையே படைத்தார். அந்த உலகின் மறைநூலே நெக்ரோனமிகன். 1924ஆம் ஆண்டில் வெளியான ஒரு சிறுகதையில் அதன் பெயர் முதன்முதலாக அச்சேறியது. 1927ஆம் ஆண்டில் அவர் அந்த நூலுக்கு ஒரு வரலாறே எழுதி வைத்தார். அஃது அவர் மறைந்த பின், 1938இல் வெளிவந்தது.

அந்த வரலாறு கூறுவது யாது? ஏமன் நாட்டுப் புலவர் அப்துல் அல்ஹஸ்ரத் என்பவர் பாலைவனத்தில் பத்து ஆண்டுகள் தனித்து அலைந்தார். முதுமையில் டமாஸ்கஸ் நகரில் தங்கி, 'அல் அசீப்' என்னும் இந்நூலை இயற்றினார். 738ஆம் ஆண்டில் கண்ணுக்குத் தெரியாத பூதம் ஒன்று பட்டப்பகலில் அவரை விழுங்கிற்று. 950இல் நூல் கிரேக்க மொழிக்குச் சென்றது. 1228இல் ஓலாஸ் வோர்மியஸ் அதனை இலத்தீனில் பெயர்த்தார். 1232இல் போப்பாண்டவர் ஒன்பதாம் கிரகரி தடை விதித்தார். இன்று ஒரு படி லண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்திலும், ஒன்று ஹார்வர்டிலும், ஒன்று மிஸ்கடானிக் பல்கலைக்கழகத்திலும் உள்ளது.

கலப்படம் எவ்வாறு செய்யப்பட்டுள்ளது என்று பாருங்கள். ஒன்பதாம் கிரகரி 1227 முதல் 1241 வரை உண்மையாகவே போப்பாண்டவராக இருந்தவர். ஹார்வர்டும் அருங்காட்சியகமும் உண்மை. மிஸ்கடானிக் மட்டும் பொய். முழுப் பொய்யை எளிதில் கண்டுகொள்ளலாம். மெய்யில் கரைத்த பொய்யைப் பிரித்தெடுக்கச் சோதனை வேண்டும். ஆய்வுக்கூடத்தில் நாம் நாள்தோறும் செய்யும் வேலை இதுதானே!

முதற்சோதனை, உள்ளிருக்கும் முரண். அரபு மொழியில் 'அப்துல்' என்பதிலேயே 'அல்' என்னும் சுட்டு அடங்கியுள்ளது. அதன்பின் மீண்டும் 'அல்' வருவது மரபன்று. லவ்கிராப்ட் சிறுவனாக இருந்தபோது அராபிய இரவுக் கதைகளைப் படித்து, விளையாட்டாகச் சூடிக்கொண்ட பெயர் அது. வோர்மியஸ் என்பவரோ டென்மார்க்கு நாட்டு மருத்துவப் பேராசிரியர். அவர் காலம் 1588–1654. பிறப்பதற்கு 360 ஆண்டுகள் முன்னரே ஒருவர் மொழிபெயர்க்க இயலுமா? இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. ஒற்றைக் கொம்புக் குதிரையின் கொம்பு என்று அந்நாளில் பெரும் பொருளுக்கு விற்கப்பட்டது, நார்வால் என்னும் கடல் விலங்கின் பல்லே என்று 1638இல் எடுத்துக்காட்டியவர் இதே வோர்மியஸ். பொய்யை உடைத்தவர் பெயரே பொய்க்குச் சான்றாயிற்று!

இரண்டாம் சோதனை, சான்று கூறுவோர் யார் என்பது. கிளார்க் ஆஷ்டன் ஸ்மித், ராபர்ட் ஹோவர்ட் முதலிய எழுத்தாளர்கள் தம் கதைகளில் நெக்ரோனமிகனைக் குறிப்பிட்டனர். அவர்கள் கற்பனை செய்த மறைநூல்களை லவ்கிராப்ட் தம் கதைகளில் குறிப்பிட்டார். மூவரும் நண்பர்கள். படிப்போர்க்குப் பலர் சொல்வதுபோல் தோன்றிற்று; ஊற்று ஒன்றே. கேட்டவர்களுக்கு லவ்கிராப்ட் ஒளிக்காமல் 'இது என் கற்பனையே' என்று விடை எழுதினார். ஆயினும் 1977இல் நியூயார்க்கில் சைமன் என்னும் புனைபெயரில் ஒரு நூல், பண்டைய நெக்ரோனமிகன் இதுவே என்று வெளிவந்தது, பலர் வாங்கினர்.

இங்கே ஒரு தடை எழலாம். 'கையில் கிடைக்காத நூலெல்லாம் பொய்யாயின், நம் வளையாபதியும் குண்டலகேசியும் பொய்யோ?' நல்ல கேள்வி. வளையாபதி முழுமையாகக் கிடைக்கவில்லை. ஆனால் ஏறத்தாழ 70 செய்யுட்கள் புறத்திரட்டு முதலியவற்றில் எஞ்சியுள்ளன. குண்டலகேசி பௌத்த நூல். அதனை மறுக்கவே சமண நூலாகிய நீலகேசி எழுந்தது. இல்லாத நூலை மறுக்க எவரும் ஒரு காப்பியம் பாடமாட்டார். நண்பர் பலர் கூறும் சான்றினும் மாற்றார் ஒருவர் கூறும் சான்று வலியது. மறைந்த நூல் வேறு, புனைந்த நூல் வேறு என்பது இதனால் விளங்கும்.

இவ்வாராய்ச்சி வெறும் பொழுதுபோக்கு அன்று. கேட்டதற்கெல்லாம் விடை எழுதித் தரும் கணிப்பொறிகள் இன்று வந்துள்ளன. அவை சில வேளைகளில் இல்லாத கட்டுரைக்கு ஆசிரியர், இதழ், ஆண்டு, பக்கம் அனைத்தையும் தந்துவிடுகின்றன. 2023ஆம் ஆண்டில் நியூயார்க்கில் அவ்வாறு கிடைத்த இல்லாத தீர்ப்புகளை நீதிமன்றத்தில் மேற்கோள் காட்டிய வழக்கறிஞர்களுக்கு 5,000 டாலர் தண்டம் விதிக்கப்பட்டது. லவ்கிராப்ட் கதைக்காகச் செய்ததை இக்கருவிகள் நம் ஆராய்ச்சியிலேயே செய்கின்றன. அவரைக் கேட்டால் உண்மை சொன்னார். இவற்றைக் கேட்டால் மீண்டும் உறுதி கூறவும் கூடும்.

ஆதலின் நண்பர்களே, மேற்கோள் ஒன்றை எழுதுமுன் மூலத்தைத் திறந்து அந்தப் பக்கத்தைக் கண்ணால் காணுங்கள். நம் நூல் நிலையத்தில் அந்நூல் இல்லையெனில், பிற நிலையங்களிலிருந்து வரவழைத்துத் தரச் சொல்லிக் கேளுங்கள். சில நாள் காத்திருக்க நேரலாம். கையொப்பமிட்டு நாம் தரும் ஆய்வேட்டை நம்பி, நாளை மற்றொருவர் தம் சோதனையைத் தொடங்குவார். அவருக்காக நாம் அந்தச் சில நாள் காத்திருப்போம்.