அந்தச் செய்தியை யார் வாசிப்பது?

"ஹிஜாப் அணிந்த பெண்ணுக்கு டிவியில் யார் வேலை கொடுப்பார்கள்?" என்று நம் வீடுகளிலேயே கேட்கிறோம். பிரிட்டனில் சகோதரி ஃபாத்திமா மன்ஜிக்குக் கிடைத்தது. பிபிசியில் பணியாற்றிவிட்டு, 2012-ல் 'சேனல் 4 நியூஸ்' செய்தியாளரானார். 2016-ல்தான் செய்தி வாசிக்கும் இருக்கைக்கு வந்தார். இடைப்பட்ட ஆண்டுகளில் அவர் களத்தில் செய்தி சேகரித்தவர் என்பதை, இதழியல் படிக்க விரும்பும் நம் பிள்ளைகள் கவனிக்க வேண்டும்.

அவ்வாண்டு ஜூலை 14 அன்று பிரான்ஸின் நீஸ் நகரில் கூட்டத்தின்மீது லாரியை ஏற்றியதில் 86 பேர் உயிரிழந்தார்கள். அச்செய்தியை வழங்கியவர்களில் ஃபாத்திமாவும் ஒருவர். ஹிஜாப் அணிந்தவர் இதை வாசிக்கலாமா என்று 'தி சன்' நாளிதழில் ஒரு பத்தியாளர் கேட்டார். எவனோ செய்த கொலைக்கு அவர் தலையிலிருந்த துணி குற்றவாளியாயிற்று!

பத்திரிகைகளைக் கண்காணிக்கும் 'இப்சோ' அமைப்புக்கு 1,700-க்கும் மேற்பட்ட புகார்கள் போயின. ஃபாத்திமாவும் முறைப்படி புகார் செய்தார். அக்டோபரில், விதிமீறல் இல்லையென்று தீர்ப்பு வந்தது. அது நியாயமான தீர்ப்பு என்று நாம் கருதவில்லை. ஆனால் அவர் ஹிஜாபையும் விடவில்லை, வேலையையும் விடவில்லை. அதே சேனலில் தொடர்ந்து செய்தி வழங்கினார். பிரிட்டனுக்கும் கீழை நாடுகளுக்கும் இருந்த பழைய உறவைப் பற்றி 2021-ல் ஒரு நூலும் எழுதினார்.